மணிலாக்காரர் எடுத்த என் சாவு

செத்துப் போகிறவர்களுக்கு ஒரு பெரிய சௌகரியம் இருக்கிறது. தங்களைப் பற்றி ஊர் என்ன பேசுகிறது என்பதைக் காது கொடுத்துக் கேட்க வேண்டிய அவசியம் அவர்களுக்கு இல்லை. எனக்கு மட்டும் அந்தச் சௌகரியம் கிடைக்கவில்லை. திருவனந்தபுரம் ஸ்ரீவராகத்தில் எங்கள் அத்தை வீட்டு முற்றத்தில், நெற்றி நிறைய விபூதியும் மார்பில் துளசி மாலையுமாக நான் செத்துக் கிடந்த மத்தியானம், தெரு முழுவதும் என்னைச் சுற்றி நின்று பேசியதை ஒரு வார்த்தை விடாமல் கேட்டேன். அதில் பாதியையாவது மறக்கலாம் என்று இத்தனை வருஷமாகப் பார்க்கிறேன். வீட்டில் இருக்கிறவர்கள் விடுவதாக இல்லை.

யுத்தம் வருவதற்குச் சற்று முந்திய காலம். நான் பி.ஏ. முடித்திருந்தேன். வேலை கிடைக்கும்வரை சும்மா இருக்கிறேன் என்று வீட்டில் சொல்லிக்கொண்டும், சினிமாவில் சேரும்வரை சும்மா இருக்கிறேன் என்று எனக்குள் சொல்லிக்கொண்டும் இருந்தேன். (ஆக மொத்தம் சும்மா இருந்தேன்.) தெருவில் போகிற வருகிறவர்களையெல்லாம் இரண்டு கை விரல்களால் கட்டம் கட்டி, அதற்குள் வைத்துப் பார்க்கிற வியாதி ஒன்று எனக்கு இருந்தது. பெரிய டைரக்டர்கள் அப்படித்தான் பார்ப்பார்கள் என்று ஏதோ பத்திரிகையில் படித்திருந்தேன்.

அப்பாவுக்குத் தணிக்கை ஆபீஸில் உத்தியோகம். பிறத்தியார் எழுதின கணக்கைச் சந்தேகப்படுவதற்குச் சர்க்கார் சம்பளம் கொடுத்தது. வீட்டில் அதே வேலையைச் சம்பளமில்லாமல் செய்தார். பாலை நகத்தில் விட்டுப் பார்ப்பார். மழை பெய்கிறது என்று அம்மா சொன்னால் வாசலுக்கு வந்து கையை நீட்டிப் பார்த்த பிறகே ஒப்புக்கொள்வார். இதனால் வீட்டில் யாருக்கும் பெரிய நஷ்டமில்லை, என் அக்கா கோமதியைத் தவிர. அவளைப் பார்க்க வந்த வரன்களெல்லாம் அப்பாவின் சந்தேகத்தில் தட்டித் தடுக்கி விழுந்தன. ஒரு பிள்ளையாண்டானை எதிர்ச் சுவரில் தொங்கிய காலண்டரைப் படிக்கச் சொன்னார், கண் சரியாக இருக்கிறதா என்று. இன்னொருவனை, "கொஞ்சம் அந்தக் கோடி வரைக்கும் நடந்துட்டு வாங்கோ" என்றார். அவன் நடந்தான், அப்படியே ஸ்டேஷன் வரைக்கும் நடந்து போய்விட்டான்.

அப்புறம் திருநெல்வேலியிலிருந்து ஒரு வரன் குதிர்ந்தது. பையன் ஹைஸ்கூல் வாத்தியார். தகப்பனார் கோர்ட்டில் சிரஸ்தாராக இருந்து ஓய்வு பெற்றவர். அம்மா இந்தத் தடவை அப்பாவை நம்பவில்லை. சுவாமி விளக்குக்கு முன்னால் நிறுத்திவைத்து, பிள்ளை வீட்டாரிடம் ஒரு கேள்வியும் கேட்பதில்லை என்று சத்தியம் வாங்கிக்கொண்டாள்.

"இதுவும் தட்டிப் போச்சுன்னா எனக்கு இனி ஒருத்தரையும் பார்க்க வேண்டாம்," என்று கோமதி சொன்னாள். சாதாரணமாக, பூத் தொடுத்துக்கொண்டே சொன்னாள். அதனால்தான் எங்கள் எல்லாருக்கும் பயமாக இருந்தது. எனக்கு ஒப்படைக்கப்பட்ட வேலை ஒன்றே ஒன்று: மத்தியான ரயிலுக்கு ஜட்கா வைத்துக்கொண்டு போய் அவர்களை அழைத்து வரவேண்டும்.

இனி மணிலாக்காரர்.

அவர் பெயர் செலெஸ்தினோ. பிலிப்பைன்ஸ் தேசத்து சினிமா டைரக்டர். நாகர்கோவில் கொப்பரை முதலாளி ஒருவர் சிங்கப்பூரில் அவரைச் சந்தித்து, தமிழ்ப் படம் ஒன்று எடுப்பதற்காக அழைத்து வந்து வழுதக்காட்டில் குடி வைத்திருந்தார். குள்ளமான மனிதர், படிய வாரிய தலை, சிரித்தால் கண் மறைந்துபோகும். உடம்பு தெரிகிற மாதிரி மெல்லிசாக ஒரு சட்டை போடுவார். அன்னாசி நாரில் நெய்தது என்று அவரே சொன்னார். அதை நான் பெருமையாகத் தெருவில் சொல்லப்போக, வந்தது வினை.

"கைதச்சக்கை நாரிலே சட்டையா?" என்றார் எதிர்வீட்டு சேஷு மாமா. "ஏன்டா சாமா, சக்கை தின்னறவனைக் கண்டிருக்கேன். உடுத்திக்கிறவனைக் கண்டதில்லே. அவன் ஜப்பான்காரனாக்கும். கடற்கரையெல்லாம் பார்த்து வெச்சுக்க வந்திருக்கான்."

"மணிலா, மாமா. ஜப்பான் இல்லை."

"மணிலான்னா கப்பலண்டி, வேர்க்கடலையாக்கும். அது ஊரா?"

பல் கட்டுகிற சீனாக்காரன் என்று ஒரு கட்சி. மதம் மாற்ற வந்த பாதிரி என்று இன்னொரு கட்சி. அப்பா மட்டும் எந்தக் கட்சியிலும் சேரவில்லை. "அவன் எடுத்த படம் எதையாவது நீ பார்த்தாயா?" என்று என்னை ஒரே கேள்வி கேட்டார். அது எனக்குள் முள்ளாகத் தைத்துவிட்டது.

ஏனென்றால் நான் பார்க்கவில்லை. யாருமே பார்க்கவில்லை. அவர் சொன்ன கதை பிரமாதமாக இருந்தது: சிறு வயதில் மணிலாவில் ஊமைப் படங்களுக்குத் திரைக்குக் கீழே உட்கார்ந்து பியானோ வாசித்தாராம். தினமும் ஒரே இடத்தில் கதாநாயகி அழுவாள், இவர் சோகமாக வாசிப்பார். 'இவள் இன்னும் நன்றாக அழலாமே' என்று தோன்றித்தான் இந்தத் தொழிலுக்கு வந்தாராம். அமெரிக்கக்காரன் ஒருவனுக்குக் காமிரா தூக்கி, பிறகு தாமே டைரக்டராகி, வரிசையாகப் படங்கள் எடுத்து, ஊரில் நடந்தால் கூட்டம் கூடுமளவுக்குப் பெயர் வாங்கினாராம். அப்புறம் பேசும் படம் வந்தது. அவருடைய கதாநாயகன் ஸ்பானிஷ் பேசுவான், கதாநாயகி தகலாகு பேசுவாள், வில்லனுக்கு இங்கிலீஷ்தான் வரும். ஊமையாக இருந்தவரை மூவரும் உயிருக்குயிராகக் காதலித்துச் சண்டை போட்டார்கள். வாயைத் திறந்ததும் ஒருவர் சொன்னது மற்றவருக்குப் புரியவில்லை. கம்பெனி மூடிப்போயிற்று. சரி, எடுத்த படங்கள் எங்கே? கிடங்கில் தீப்பிடித்து எல்லாம் எரிந்துவிட்டன.

எல்லாம் என்றால் எல்லாம்! ஒரு முழம் பிலிம் மிச்சமில்லை. அத்தாட்சிக்கு ஒரு போட்டோ காட்டினார். காமிராவின் பக்கத்தில் ஒரு ஆள் நிற்கிறான். முகம் அசைந்து கலங்கிப்போயிருந்தது. அது செலெஸ்தினோவாகவும் இருக்கலாம், சேஷு மாமாவாகவும் இருக்கலாம். போதாததற்கு, எந்தத் தோப்புக்குப் படப்பிடிப்பு இடம் பார்க்கப் போனாலும் தேங்காயைத் தட்டிப் பார்த்து, இது எத்தனை நாளில் கொப்பரையாகும் என்று முதலாளியிடம் சரியாகச் சொல்லுவார். அவர் தகப்பனாருக்குத் தென்னந்தோப்பு உண்டாம். கொப்பரை வியாபாரி ஒருவன் டைரக்டர் வேஷம் போட்டு இன்னொரு கொப்பரை வியாபாரியை ஏமாற்றுகிறானோ என்று எனக்கே ராத்தூக்கம் கெட்டது. (இருந்தும் அவரை விட்டு நகரவில்லை. ஏமாற்றுகிறவரானாலும் சினிமாக்காரராக ஏமாற்றுகிறார் அல்லவா!)

அவருடைய அமெரிக்க இங்கிலீஷைத் தமிழாக்குவது என் வேலை. அத்தோடு நிறுத்தியிருக்கலாம். ஒரு நாள் அவர், சாவுக் காட்சிக்கு உண்மையான அக்ரஹாரத்து வீடு வேண்டும் என்றார். என் வாய் என்னைக் கேட்காமல், "இருக்கிறது" என்றது.

தெருவின் மறுகோடியில் அத்தை வீடு பூட்டிக் கிடந்தது. அத்திம்பேருக்கு ஆலப்புழைக்கு மாற்றலாகியிருந்தது. சாவி எங்கள் வீட்டு ஆணியில் தொங்கியது. சினிமாக்காரர்களைத் தெருவுக்குள் விட ஒருவரும் சம்மதிக்கமாட்டார்கள். ஆகவே காதும் காதும் வைத்தாற்போல் கொல்லை வழியாக வந்து, காலை வெயிலில் எடுத்துக்கொண்டு, சாப்பாட்டு வேளைக்குள் போய்விடுவது என்று ஏற்பாடு. தேதி மட்டும் திருநெல்வேலிக்காரர்கள் வருகிற தேதியாக அமைந்தது. காலையில் சினிமா, மத்தியானம் ஸ்டேஷன், ஒரு பி.ஏ.வுக்கு இது ஒரு பிரமாதமா என்று நினைத்தேன்.

காலையில் வெயில் வரவில்லை. திருவனந்தபுரத்து வானம் காற்றுப்போன பந்து மாதிரி சுருண்டு கிடந்தது. காமிராவைச் சாமான் அறைக்குள் வைத்து, அதன் ஜன்னல் வழியாக முற்றத்தைப் பார்க்கும்படி கறுப்புத் துணி போட்டு மூடிக்கொண்டு செலெஸ்தினோ காத்திருந்தார். காமிரா தெரிந்தால் அழுகிறவர்களின் கண் அதன் மேலேயே போகும் என்பது அவர் கட்சி. அது கையால் சுற்றுகிற பழைய காமிரா. சப்தத்தைப் பிறகு சேர்த்துக்கொள்வாராம். (பெட்டிக்குள் பிலிம் இருக்கிறதா என்று திறந்து பார்க்க எனக்குக் கை துறுதுறுத்தது. திறந்தால் வெளிச்சம் பட்டு வீணாகிவிடும் என்றார். அதுவும் சௌகரியமான பதில்தான்.)

உச்சி தாண்டி வெயில் வந்தது. அப்போது ராஜபார்ட் நடிகர், பாடை அளவுக்கு விரித்திருந்த பாயைப் பார்த்துவிட்டுப் பின்வாங்கினார்.

"எங்கம்மா இருக்கிற வரைக்கும் நான் பொணமா படுக்க மாட்டேன். வேணும்னா நின்னுக்கிட்டே சாகறேன்."

நான் மொழிபெயர்த்தேன். செலெஸ்தினோவுக்குக் கோபம் வரவில்லை. நியாயம்தான், எங்கள் ஊரிலும் இந்தப் பயம் உண்டு என்று தலையை ஆட்டினார். பிறகு ஜன்னல் வழியாக விரல்களால் கட்டம் கட்டி, அதற்குள் என்னை வைத்துப் பார்த்தார். என்னை அப்படி ஒருவர் பார்ப்பது அதுதான் முதல் தடவை. செத்தால் என்ன என்று தோன்றியது.

முகத்தில் வெள்ளைப் பூச்சு பூசினார்கள். தலை தெற்கே இருக்கவேண்டும் என்று நான் சாஸ்திரம் சொன்னேன். வெளிச்சத்துக்குச் சாஸ்திரம் தெரியாததால் என்னைத் திருப்பி வடக்கே தலை வைத்துப் படுக்கப்போட்டார்கள். பிறகு செலெஸ்தினோ என் அருகில் குந்தி உட்கார்ந்து, ஆட்காட்டி விரலை ஆட்டி ஒரு விஷயம் சொன்னார். காட்சி முடிந்ததும் நான் எழுந்து உட்கார்ந்து காமிராவைப் பார்த்து வாய்விட்டுச் சிரிக்கவேண்டும். ஆரம்ப காலத்தில் அவர் படத்தில் பிணமாக நடித்த ஒருவன் சிரிக்காமல் நேரே வீட்டுக்குப் போனானாம். அந்த வாரமே விஷக் காய்ச்சல். அன்று முதல் தம் படத்தில் செத்தவன் எவனையும் சிரிக்காமல் வீட்டுக்கு அனுப்பியதில்லையாம். "சிரிப்புக்கென்று பிலிம் மீத்து வைத்திருக்கிறேன். என்ன ஆனாலும் சிரி," என்று சொல்லி, சிலுவைக் குறி போட்டுக்கொண்டு உள்ளே போனார்.

ரயில் வர இன்னும் நேரம் இருக்கிறது என்று நினைத்துக் கண்ணை மூடினேன். அந்த ரயில் நேரத்துக்கு வந்த ஒரே நாள் அது.

நாகர்கோவில் நாடகக் கம்பெனியிலிருந்து வந்த மூன்று பெண்கள் அழுவதற்காக உட்கார்ந்திருந்தார்கள். என் மனைவியாக நடித்தவள் செல்லம்மாள். சப்தம்தான் பதிவாகவில்லையே, மெதுவாக அழுங்கள் என்று அவர்களிடம் முதலிலேயே கெஞ்சியிருந்தேன். செலெஸ்தினோ ஒப்பவில்லை. சத்தமில்லாமல் அழுகிற முகம் பொய் முகம் என்றார். "ஆக்‌ஷன்" என்றதும் செல்லம்மாள் மார்பில் அடித்துக்கொண்டு, "என்னைப் பெத்த ராசா, என் புருசா, கடல் கடந்து வந்து கண்ணை மூடிட்டியே!" என்று ஒரு குரல் கொடுத்தாள் பாருங்கள். ஓட்டிலிருந்த புறாக்கள் பறந்து போயின.

இங்கே எங்கள் தெரு வழக்கத்தைச் சொல்லியாக வேண்டும். தெருவில் ஒரு சாவு விழுந்தால், பிணத்தை எடுக்கும்வரை கோடியிலுள்ள பிள்ளையாருக்கு நிவேத்யம் கிடையாது. எந்த வீட்டிலும் அடுப்பு எரியாது. இந்த வழக்கத்தில்தான் பிறந்து வளர்ந்தவன் நான். ஆனால் பொய்ச் சாவுக்கும் அடுப்பு அணையும் என்று எனக்குத் தோன்றவே இல்லை. செல்லம்மாளின் முதல் குரலிலேயே, கோயிலில் பூஜை செய்கிற போற்றி, பிள்ளையார் நடையைச் சாத்தினார். வீட்டுக்கு வீடு அடுப்பில் தண்ணீர் விழுந்தது. எங்கள் வீட்டில் திருநெல்வேலிக்காரர்களுக்காகக் கிளறிக்கொண்டிருந்த சொஜ்ஜி பாதி வேக்காட்டில் நின்றது.

நான் இது எதையும் அறியேன். எனக்குக் கேட்டது முதலில் செருப்புச் சத்தம். அப்புறம் தாழ்ப்பாள் திறக்கும் சத்தம். அப்புறம் கொல்லைப் பக்கமாக ஒருவர் ஓடும் சத்தம். (ராஜபார்ட்.) பிறகு தெரு உள்ளே வந்துவிட்டது.

"ஆரா மரிச்சது?" என்றார் போற்றி.

"ஐயையோ, நம்ம சாமாவாக்கும்!" என்று சேஷு மாமா அலறினார்.

எழுந்திருக்கலாமென்றுதான் நினைத்தேன். ஆனால் சாமான் அறையிலிருந்து காமிராவின் டகடக சத்தம் நிற்கவில்லை. செலெஸ்தினோ கூட்டம் வேண்டுமென்று முன்பே கேட்டிருந்தார். முடியாது என்று நான் கையை விரித்திருந்தேன். இப்போது வந்து குவிந்தவர்களை நான் ரகசியமாக ஏற்பாடு செய்து அழைத்துவந்த நடிகர்கள் என்று அவர் எண்ணிக்கொண்டார்! துணிக்குப் பின்னாலிருந்து, "குட், குட்," என்ற முணுமுணுப்பு எனக்கு மட்டும் கேட்டது. இருக்கிற பிலிமோ கொஞ்சம். இப்போது அசைந்தால் என் சினிமா வாழ்க்கை அதோடு சரி. இன்னும் ஒரு நிமிஷம் செத்திருப்போம் என்று தீர்மானித்தேன்.

"மணிலாக்காரன் பண்ணின வேலையாக்கும்," என்றார் சேஷு மாமா. "எதையோ கலக்கிக் கொடுத்திருக்கான்."

"பாவம், வளர்ந்த பிள்ளை," என்றாள் மீனாட்சி மாமி.

"வளர்ந்தான். வேறென்ன பண்ணினான்?" இது யார் குரல் என்று இன்றுவரை தேடிக்கொண்டிருக்கிறேன்.

"இங்கிலீஷ் நன்னா பேசுவான்."

"பேசி? ஆருக்குப் புரிஞ்சுது?"

"நேத்திக்குக்கூட எங்காத்து வாசல்லே நின்னு, கையைக் கட்டமா வெச்சுண்டு என்னையே பார்த்தான். எனக்கு அப்பவே தோணித்து, இவனுக்கு நாள் அதிகமில்லேன்னு."

அப்போது கூட்டம் சட்டென்று அடங்கி வழிவிட்டது. அப்பாவின் மிதியடிச் சத்தம். எனக்கு நிஜமாகவே பாதி உயிர் போயிற்று. அம்மாவும் வருகிறாளோ என்று பயந்தேன். நல்லவேளை, "நீ இரு, எனக்கு இதிலே சந்தேகமா இருக்கு, நான் பார்த்துட்டு வரேன்," என்று அவளை வீட்டிலேயே நிறுத்திவிட்டு வந்திருந்தார். அவருக்குப் பின்னாலேயே புது மிதியடி ஒன்று வந்தது. கம்பீரமான குரல்.

"வைத்யநாதய்யர்வாள்தானே? நான் திருநெல்வேலி ராமசேஷன். பொண்ணு பார்க்க வந்தோம். ஸ்டேஷன்லே ஒருத்தரையும் காணோம். நாங்களே ஜட்கா பிடிச்சு வந்தா, தெருமுனையிலே நடை சாத்தியிருக்கு. விசாரிச்சா உங்க பிள்ளைங்கறா. முகத்தைப் பார்க்காம திரும்பறது மரியாதையில்லேன்னு வந்தேன். பையனும் வந்திருக்கான்."

திரும்புவது! ஆக, அதுதான் முடிவு. கோமதி தொடுத்த பூ என் கண்ணுக்குள் வந்தது.

"ஸ்டேஷனுக்கு வர வேண்டியவன் இவன்தான்," என்றார் அப்பா.

"அப்போ வராததுக்குக் காரணம் சரியாத்தான் இருக்கு." சிரஸ்தாரின் மிதியடி என்னை ஒரு சுற்றுச் சுற்றி வந்தது. "ஒண்ணு கேக்கலாமா?"

"கேளுங்கோ. உங்ககிட்டே கேள்வி கேக்கப்படாதுன்னு நான் சத்தியம் பண்ணியிருக்கேன். நீங்க தாராளமா கேக்கலாம்."

"தலை வடக்கே இருக்கே?"

"இருக்கு." அப்பாவின் குரலில் அப்படி ஒரு நிம்மதியை நான் கேட்டதே இல்லை. உலகத்தில் தனியாகச் சந்தேகப்பட்டுக்கொண்டிருந்த மனிதருக்கு ஒரு துணை கிடைத்துவிட்டது.

"கால் கட்டைவிரலைக் கட்டல்லையே?"

"கட்டல்லே."

"முகம் சுண்ணாம்படிச்ச செவுரு. கழுத்து கரிச்சட்டி. ஒரே ஆளுக்கு ரெண்டு நிறமா, ஓய்?"

"கழுத்துதான் அசல்," என்றார் அப்பா. "காலம்பற இட்லி சாப்பிட்டான். சாகப் போறவன் சாப்பிடற மாதிரி சாப்பிடல்லே."

செல்லம்மாளுக்கு இதெல்லாம் காதில் விழவில்லை. டைரக்டர் நிறுத்தச் சொல்லாதவரை அவள் நிறுத்தமாட்டாள். "என் புருசா!" என்று என் மேல் விழுந்தாள்.

சிரஸ்தாரின் குரல் இறங்கியது. "இந்த அம்மா யாரு? புருஷன்னு அழறாளே? பையனுக்குக் கல்யாணம் ஆயிடுத்துன்னு நீங்க சொல்லல்லையே!"

"எனக்கும் இப்பத்தான் தெரியறது," என்றார் அப்பா.

இதற்கு மேல் தாங்காது என்று எழப்போனேன். அதற்குள் சிரஸ்தார் குனிந்தார். மூக்குப்பொடி வாசனை. "நிஜமாப் போனவன்னா இது ஒண்ணும் பண்ணாது," என்று சொல்லி, ஒரு சிட்டிகைப் பொடியை என் மூக்கடியில் பிடித்தார்.

நான் தும்மினேன். சாதாரணத் தும்மலல்ல, அந்த மத்தியானம் முழுக்க அடக்கிவைத்த மூச்சு மொத்தமும் அதில் வந்தது. துளசி மாலை பறந்தது. தலைமாட்டு விளக்கு அணைந்தது. கூட்டம் அலறியடித்து வாசலில் முட்டிக்கொண்டது. போற்றி தூணைக் கட்டிக்கொண்டார். சேஷு மாமா கிணற்றுக் கைப்பிடிச் சுவர்மேல் ஏறிவிட்டார். இறங்க ஏணி வேண்டியிருந்தது.

அப்போதாவது நான் கையைக் கூப்பி, மன்னிக்கச் சொல்லியிருக்கலாம். ஆனால் என்ன ஆனாலும் சிரி என்றல்லவா உத்தரவு! வெள்ளை முகத்தோடு விறைப்பாக எழுந்து உட்கார்ந்து, சாமான் அறை ஜன்னலைப் பார்த்து, பல்லெல்லாம் தெரிய, "ஹா, ஹா, ஹா," என்று சிரித்தேன்.

அழ வந்த பெண்களைத் தவிர, அந்த முற்றத்தில் ஓடாமல் நின்றவர்கள் நாலே பேர். அப்பா, சிரஸ்தார், ஒரு தூணோரத்தில் வெள்ளைச் சட்டைப் பையன் ஒருவன், நிலைப்படியில், பாதி பின்னிய தலையும் ஒற்றைக் காதில் ஜிமிக்கியுமாக ஓடிவந்து மூச்சிரைக்க நின்ற என் அக்கா கோமதி. அவள் என்னைப் பார்த்தாள். கண்ணில் நீர் ததும்பி நின்றது. பிறகு என் கழுத்தைப் பார்த்தாள். அப்புறம் அவளால் முடியவில்லை. நிலையைப் பிடித்துக்கொண்டு, குலுங்கிக் குலுங்கிச் சிரித்தாள். வெள்ளைச் சட்டைப் பையன் என்னைப் பார்ப்பதை விட்டுவிட்டான்.

டகடக சத்தம் நின்றது. செலெஸ்தினோ கண்ணைத் துடைத்துக்கொண்டு வெளியே வந்து, நேரே போய் அப்பாவின் இரண்டு கைகளையும் பிடித்துக் குலுக்கி என்னமோ சொன்னார்.

"என்னடா சொல்றான்?"

நான் தரையைப் பார்த்துக்கொண்டு மொழிபெயர்த்தேன். "நான் சுமாராத்தான் செத்தேனாம். நீங்க ரெண்டு பேரும் பிரமாதமா நடிச்சேளாம்."

"அந்தப் பெட்டியிலே பிலிம் இருக்கான்னு கேளு."

கேட்டேன். செலெஸ்தினோ பெட்டியைத் தடவிக்கொடுத்துவிட்டுச் சிரித்தார். அப்பா அந்தச் சிரிப்பைச் சந்தேகமாகப் பார்த்தார்.

அடுத்தபடி, பொய்ச் சாவுக்குத் தீட்டு உண்டா என்று தெருவில் ஒரு பெரிய விவாதம் கிளம்பியது. சாகாதவனுக்குத் தீட்டில்லை என்றது ஒரு கட்சி. அழுகையும் அடுப்பணைப்பும் நிஜம், ஆகவே தீட்டும் நிஜம் என்றது மற்றொரு கட்சி. எதற்கும் இருக்கட்டும் என்று எல்லாரும் குளத்தில் முழுக்குப் போட்டார்கள். பெண் பார்க்க வந்த மாப்பிள்ளையும் சேர்ந்து முழுகினார். துணிப்பெட்டி ஜட்காவோடு போய்விட்டதால் அப்பாவின் பழைய வேஷ்டியைக் கட்டிக்கொண்டு, தலை சொட்டச் சொட்ட எங்கள் கூடத்தில் வந்து உட்கார்ந்தார். பாதி வெந்த சொஜ்ஜியை அம்மா மறுபடி அடுப்பில் ஏற்றினாள். என்னிடம் அவள் ஒரே ஒரு கேள்விதான் கேட்டாள்: "குளிச்சயா?" அந்தக் கேள்விக்குள் என்னென்ன இருந்தது என்பது எனக்குத் தெரியும், கரண்டி அவள் கையில்தான் இருந்தது.

நான் அடுக்களைக் கதவுக்குப் பின்னால் நின்று, எல்லாம் போயிற்று என்று காத்திருந்தேன். கூடத்திலோ அப்பாவும் சிரஸ்தாரும் அக்கம்பக்கமாக உட்கார்ந்து, என் கழுத்தை முதலில் கவனித்தது யார் என்று வாதாடிக்கொண்டிருந்தார்கள். சிறுவயது சிநேகிதர்களைப் போல இருந்தது. கோமதி காப்பி கொண்டுவந்து வைத்தாள். அப்பா வாயைத் திறந்தார். அம்மா இருமினாள். அப்பா மூடிக்கொண்டார்.

"நீங்க ஒண்ணும் கேக்கல்லையே?" என்றார் சிரஸ்தார்.

"எனக்குக் கேக்க ஒண்ணுமில்லே."

"எனக்கும் இல்லை, ஓய். ஊரே ஓடறபோது நின்னு சிரிச்ச பொண்ணு. இதுக்கு மேலே என்ன விசாரிக்கணும்?" பிறகு என் பக்கம் திரும்பி, "அந்த அம்மா உன் ஆம்படையாள் இல்லைங்கறது நிச்சயம்தானே?" என்றார்.

ஆவணியில் கல்யாணம் நடந்தது. படம் நடக்கவில்லை. கொப்பரை முதலாளிக்குச் சினிமா அலுத்துவிட்டது. செலெஸ்தினோ எடுத்தவரைக்கும் மதராஸில் கழுவிக் கொடுத்துவிட்டுக் கப்பலேறிவிட்டார். போகும்போது என்னை உதவியாளனாக அழைத்துப்போகச் சொல்லிக் கேட்டேன். முதலில் மூச்சை அடக்கக் கற்றுக்கொள் என்றார்.

கல்யாணத்துக்கு அப்புறம் ஒரு நாள், சாலைக் கடைவீதிப் பக்கத்துக் கொட்டகையில் பகல் ஆட்டத்துக்கு முன்னால், அந்தத் துண்டுகளை முதலாளி எங்களுக்காக ஓட்டிக் காட்டினார். பெட்டியில் பிலிம் இருக்கவில்லை என்று நிரூபிப்பதற்காகவே அப்பா வந்தார்.

பிலிம் இருந்தது. முதலில் நான். (செத்த பிறகும் எனக்கு இமை துடிக்கிறது.) பிறகு காமிரா என்னை விட்டு மெதுவாக நகர்ந்தது. அப்பாவின் கண்ணுக்குப் போயிற்று. சிரஸ்தாரின் பொடி விரலுக்குப் போயிற்று. தும்மலில் ஒரு குலுக்கல். என் அசட்டுச் சிரிப்பு ஒரு க்ஷணம். அதற்கு மேல் என்னை அவர் லட்சியம் செய்யவில்லை. தூணோரத்துப் பையன் முகத்துக்குப் போய், அவன் எங்கே பார்க்கிறான் என்று அவன் பார்வையைப் பிடித்துக்கொண்டே போய், நிலைப்படியில் சிரிக்கிற கோமதியிடம் நின்றது. பிலிம் தீரும்வரை அங்கேயே நின்றது. சத்தம் இல்லை. ஆனால் கொட்டகையில் இருந்த எங்கள் எல்லாருக்கும் அந்தச் சிரிப்பு கேட்டது. எனக்கென்று மீத்து வைத்த பிலிமையெல்லாம் அவர் அவளுக்குச் செலவழித்திருந்தார்.

அப்பா மறுபடியும் ஓட்டச் சொன்னார். பிறகு இன்னொரு தடவை. வெளியே வந்து, வெயிலில் கண்ணைச் சுருக்கிக்கொண்டு, "டைரக்டர்தான்," என்றார். அவர் எதையும் அவ்வளவு சுருக்கமாக நம்பி நான் பார்த்ததில்லை. பின்னால் யுத்தம் வந்து, மணிலாவில் குண்டு விழுந்ததைப் பத்திரிகையில் படித்தபோது, பேப்பரை மடித்து வைத்துவிட்டு, "அந்த மனுஷனுக்கு ஒண்ணும் ஆயிருக்காது," என்று தமக்குத் தாமே சொல்லிக்கொண்டார். அதை நாங்கள் யாரும் மறுத்துப் பேசவில்லை.

தெரு இன்னமும் அவரை ஜப்பான்காரர் என்றுதான் சொல்கிறது. எங்கள் வீட்டில் அந்தப் பேச்சே கிடையாது. எங்கள் வீட்டுச் சந்தேகமெல்லாம் என் ஒருவன் மேல்தான். மத்தியானம் சாப்பிட்டுவிட்டு நான் கொஞ்சம் கண்ணயர்ந்தால் போதும். கோமதியின் பிள்ளை, திருநெல்வேலித் தாத்தாவின் பொடி மட்டையைத் தூக்கிக்கொண்டு வந்து என் தலைமாட்டில் குந்திக்கொள்கிறான். முதலில் என் கழுத்தைப் பார்க்கிறான். பிறகு தலை எந்தத் திக்கில் இருக்கிறது என்று பார்க்கிறான். "மாமா, சிரிங்கோ," என்கிறான். கண்ணைத் திறந்து, எழுந்து உட்கார்ந்து, ஜன்னலைப் பார்த்து நான் வாய்விட்டுச் சிரிக்கிறவரைக்கும் மட்டையை மூடுவதில்லை.